பதினாலாம் நம்பர் சீட்

கதை என்று நினைத்துப் படிப்பவர்கள் அப்படியே படிக்கலாம். எனக்கு வருத்தமில்லை. ஆனால் பீ கிம்முக்குப் பொய் சொல்ல வராது. ஆஸ்பத்திரித் துணிக்கிடங்கில் பதினோரு வருஷம் என் பக்கத்து மேஜையில் நின்று படுக்கை விரிப்பு மடித்தவள் அவள். ஒரு தலையணை உறை குறைந்தால்கூடத் தானே மேலதிகாரியிடம் போய்ச் சொல்லிவிடுவாள். அவள் சொன்னதை, அவள் சொன்ன நேரத்தோடு, அப்படியே எழுதுகிறேன். என் சரக்கு இதில் எதுவும் இல்லை.

நடந்தது 1998, ஜூன் 14. ஞாயிற்றுக்கிழமை. பட்டப்பகல்.

அதற்கு மூன்று நாள் முன்னால், துவைக்கப் போட்ட கணவரின் கால்சட்டைப் பையில் அவளுக்கு ஒரு ரசீது கிடைத்தது. மலாக்கா ஒரு நாள் சுற்றுலா. வழிகாட்டி உண்டு, மதியச் சாப்பாடு உண்டு. சீட் நம்பர் 13, 14.

இரண்டு சீட்.

அவள் கணவர் தியோங் ஹோக் கப்பல் பட்டறையில் வெல்டிங் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். போன நவம்பரில் முதல் தடவையாகச் சிங்கப்பூரிலிருந்து அந்தச் சுற்றுலாவுக்குப் போனார். அதன்பின் மாதா மாதம், இரண்டாவது ஞாயிறு. அன்று அவளுக்கு எப்போதும் ஆஸ்பத்திரி வேலை இருக்கும். ஒரே ஊர், ஒரே கோட்டை, ஒரே கோழிச்சோறு. இதை ஒரு மனுஷன் எட்டுத் தடவை பார்ப்பானா? அதுவும் முதல் நாளே சட்டைக்குத் தானே இஸ்திரி போட்டுக்கொண்டு? அங்கே அன்னாசிப்பழ பிஸ்கட் வாங்குகிறார் என்பது சில்லறை ரசீதுகளில் தெரிந்தது. வீட்டுக்கு ஒரு டப்பாகூட வந்ததில்லை.

ஆறு மாசமாக இதையெல்லாம் நெஞ்சுக்குள் போட்டு வறுத்துக்கொண்டிருந்தவள், அன்று ரசீதை அவர் முன்னால் வைத்தாள்.

"ரெண்டு சீட் எதுக்கு?"

"கால் நீட்டிக்க."

"உன் காலு அவ்வளவு நீளமா? நான் கவனிக்கவே இல்லையே."

அவர் தொலைக்காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சரி. அந்த இன்னொரு சீட்ல இந்த மாசம் நான் வரேன்."

"வேணாம் பீ கிம். உனக்குத்தான் பஸ்ல வாந்தி வருமே."

"மாத்திரை போட்டுக்கறேன்."

அவர் முகத்தில் ஒரு கலவரம் வந்து போனது. அந்த 'வேணாம்' ஒன்றே போதுமாக இருந்தது அவளுக்கு. ஒருத்தி இருக்கிறாள். பெயர் தெரியாது, முகம் தெரியாது. ஆனால் இருக்கிறாள்.

அந்த ஞாயிறு அவள் வேலையை நான்தான் மாற்றிப் பார்த்தேன். "போய் அவ மூஞ்சியைப் பார்த்துட்டு வரேன்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

காலை 6:45. பீச் ரோட்டில் பஸ் நின்றது. வழிகாட்டி கில்பர்ட், முப்பது வயசுக்காரன், கையில் ஒலிபெருக்கி. எல்லோருடைய பாஸ்போர்ட்டையும் வாங்கி ரப்பர் வளையம் போட்டுக் கட்டினான். ஹோக்கையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தான்.

"ஓ... பதினாலு இவங்களுக்குத்தானா அங்கிள்?"

"என் வீட்டுக்காரி" என்றார் ஹோக், வேகமாக.

"உக்காருங்க ஆன்ட்டி, உக்காருங்க" என்றான் கில்பர்ட். ஆனால் அவன் சிரிப்பு சரியாக இல்லை.

'இவங்களுக்குத்தானா' என்றால் என்ன அர்த்தம்? வேறு யாரை எதிர்பார்த்தான்? பதினாலாம் நம்பர் ஜன்னலோரம். உட்காரும் முன் சீட் முழுக்கத் தடவிப் பார்த்தாள். நீளமான தலைமுடி, கொண்டை ஊசி, சென்ட் வாசனை... எதுவும் இல்லை. ஏமாற்றமாகக்கூட இருந்தது.

துவாஸ் எல்லையை 7:50க்குத் தாண்டினார்கள். வழியில் யோங் பெங் என்ற ஊரில் காலைப் பசியாறல். அவர் மீன் உருண்டை நூடுல்ஸைப் பாதியில் தள்ளிவைத்தார்.

"என்ன, சாப்பாடு இறங்கலையா? நான் பக்கத்துல இருக்கேன்னா?"

"சும்மா இரு பீ கிம்."

10:50க்கு மலாக்கா.

வெயில் என்றால் அப்படி ஒரு வெயில். ஒரு மேகம் இல்லை. கில்பர்ட் முன்னால் கொடி பிடித்து நடந்தான். போர்த்துகீசியர் இத்தனை வருஷம், டச்சுக்காரர் இத்தனை வருஷம் என்று ஒலிபெருக்கியில் ஒப்பித்தான். அவள் காதில் ஒன்றும் ஏறவில்லை. ஹோக்கின் கண் போகும் திசையெல்லாம் அவள் கண்ணும் போனது.

குன்றின் மேலே, கூரையில்லாத பழைய தேவாலயத்தில்தான் முதலில் பார்த்தாள். மணி 11:35.

சுவரில் சாய்த்து நிறுத்தியிருந்த பழைய கல்லறைக் கற்களுக்குப் பக்கத்தில் ஒருத்தி நின்றாள். ஐம்பது வயசு இருக்கும். வெளிர் பச்சைச் சட்டை. மெலிந்த இடுப்பு. பீ கிம்மின் கண் அந்த இடுப்பில்தான் முதலில் போய் நின்றது. தலைமுடி தோள் வரை, குளித்துவிட்டு வந்ததுபோல் நனைந்திருந்தது. கையில் மடக்கிய குடை.

அவள் ஹோக்கையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஹோக் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். தெரியாதவர் மாதிரி.

'அடடா, என்ன நடிப்பு' என்று நினைத்துக்கொண்டாள் பீ கிம். கன்னம் எரிந்தது.

கூட்டம் இறங்கும்போது வேண்டுமென்றே பின்தங்கி, அந்த இடத்தைப் போய்ப் பார்த்தாள். காய்ந்த தரையில் ஈரக் காலடி. வலது கால் வெறும் பாதம். இடது கால் செருப்புத் தடம்.

ஒற்றைச் செருப்பு. அதைப் பற்றி அப்போது யோசிக்கவில்லை. பொறாமை வேறு எதையும் யோசிக்க விடாது என்று பிற்பாடு என்னிடம் சொன்னாள்.

12:40. கோழிச்சோற்றுக் கடை. உருண்டை உருண்டையாகப் பிடித்த சோறு, பெரிய வட்ட மேஜை. எதிர்ச் சுவரோரம் ஒரு சின்ன மேஜையில் அந்தப் பச்சைச் சட்டை. அவள் முன்னால் தட்டு இல்லை. தேநீர்க் கோப்பை இல்லை. குடை மட்டும் மேஜைமேல் கிடந்தது. அதிலிருந்து தண்ணீர் சொட்டியது.

சொட்... சொட்...

"அங்க யாரு?" என்றாள் பீ கிம், கணவரின் முழங்கையை இடித்து.

"எங்க?"

"சுவரோரம்."

ஹோக் திரும்பிப் பார்த்தார். நேராக அந்தப் பெண்ணைத்தான் பார்த்தார். "யாரும் இல்லையே" என்றார். மறுபடி குனிந்து சாப்பிட்டார்.

என்ன நெஞ்சழுத்தம். கண்ணெதிரே உட்கார்ந்திருக்கிறாள், யாரும் இல்லையாம். பீ கிம் கையிலிருந்த கரண்டியை வைத்துவிட்டு எழுந்தாள். அதற்குள் பரிமாறும் பெண் தட்டுகளோடு குறுக்கே வந்தாள். அவள் விலகியபோது சின்ன மேஜை காலி.

பரிமாறுகிறவள் அந்த நாற்காலியைப் பார்த்து முகம் சுளித்தாள். இடுப்புத் துணியை எடுத்துத் துடைத்தாள். "தண்ணிய ஊத்திட்டு இருக்காங்க" என்று முணுமுணுத்தபடி பிழிந்தாள்.

3:30க்குக் கில்பர்ட் எல்லோரையும் கடைத்தெருவில் விட்டான். ஐந்து மணிக்குப் பஸ்ஸில் இருக்க வேண்டும்.

"நீ கடையெல்லாம் பாரு. நான் ஒரு நடை நடந்துட்டு வரேன்" என்றார் ஹோக். கையில் ஒரு டப்பா அன்னாசிப்பழ பிஸ்கட்.

"போயிட்டு வா. நல்லா நட" என்றாள்.

இருபது அடி விட்டுப் பின்னால் போனாள்.

அவர் ஆற்றுப் பாலத்தைத் தாண்டி, பஸ் நிற்கும் இடத்தையும் தாண்டி, பெரிய சாலை வரை போனார். அங்கே ஒரு தூங்குமூஞ்சி மரம். அதன் கீழே, சாலை ஓரக் கல்மேல், டப்பாவை வைத்தார். கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

பச்சைச் சட்டை அவர் பக்கத்தில் நின்றது.

எப்போது வந்தாள் என்று தெரியவில்லை. தோளோடு தோள் உரசுகிற நெருக்கம். ஹோக் சாலையைப் பார்த்தபடி பேசிக்கொண்டிருந்தார். பீ கிம் ஒரு ரிக்‌ஷாவின் பின்னால் ஒதுங்கி நின்றாள். லாரிகள் போய்க்கொண்டே இருந்தன. ஒரு இடைவெளியில் அவர் குரல் மட்டும் தெளிவாகக் கேட்டது.

"இன்னிக்காவது வந்துடுங்க. நான் நின்னுக்கிட்டே வரேன். நீங்க உக்காந்துக்குங்க."

இருபத்தாறு வருஷக் கல்யாண வாழ்க்கையில் அவளோடு ஒரு நாள் அப்படிக் குழைந்து பேசியதில்லை. வந்துடுங்களாம். உக்காந்துக்குங்களாம். என்ன மரியாதை, என்ன கரிசனம். ஊருக்கே கூட்டிக்கொண்டு வரப் பார்க்கிறார். அதுவும் பெண்டாட்டி இருக்கும் பஸ்ஸிலேயே.

அவளுக்குக் கண்ணை இருட்டியது. வந்த வழியே திரும்பினாள். எந்தத் தெரு, எந்தக் கடை என்று தெரியாமல் நடந்தாள். போய்க் கேட்டிருக்கலாம், அவள் கன்னத்தில் ஒன்று கொடுத்திருக்கலாம். செய்யவில்லை. வேறொன்று முடிவு செய்தாள். அந்தச் சீட்டைக் கொடுப்பதில்லை.

மணி 5:05. பஸ் நிறுத்துமிடம் முழுக்கக் கேட்கும்படி ஒலிபெருக்கி அலறியது.

"சியா பீ கிம். சியா பீ கிம் ஆன்ட்டி. எங்க இருந்தாலும் பஸ்ஸுக்கு வாங்க. எல்லாரும் காத்திருக்காங்க."

ஓடி வந்து ஏறினாள். நேரே பதினாலாம் நம்பரில் போய் உட்கார்ந்து இரண்டு கைப்பிடிகளையும் பிடித்துக்கொண்டாள். ஹோக் பஸ்ஸின் படிக்கட்டில் நின்று சாலையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கில்பர்ட் தலை எண்ணிக்கொண்டு வந்தான். படிக்கட்டுப் பக்கம் திரும்பினான்.

"என்ன அங்கிள், இன்னிக்கும் ரெண்டு நிமிஷமா?"

ஹோக் வாயைத் திறந்தார்.

அப்போது பீ கிம் ஜன்னல் வழியே பார்த்தாள்.

பெரிய சாலையைத் தாண்டி அவள் வந்துகொண்டிருந்தாள். குடையை உயர்த்தி ஆட்டியபடி. ஒற்றைச் செருப்போடு நொண்டி நொண்டி, ஓட்டமும் நடையுமாக. இந்த முறை அவள் ஹோக்கைப் பார்க்கவில்லை. பதினாலாம் நம்பர் ஜன்னலைப் பார்த்தாள். நிற்கச் சொல்லிக் கையைக் காட்டினாள்.

இன்னும் முப்பது அடி.

"எல்லாரும் வந்தாச்சு கில்பர்ட்" என்றாள் பீ கிம், உரக்க. "இனி யாரும் வரவேண்டியது இல்ல. எடுக்கச் சொல்லுங்க."

ஹோக் அவளைத் திரும்பிப் பார்த்தார். என்னவோ சொல்ல நினைத்தார். பிறகு தலையைக் குனிந்துகொண்டு வந்து பதின்மூன்றில் உட்கார்ந்தார்.

5:10. கதவு மூடியது. பஸ் நகர்ந்தது.

பீ கிம் ஜன்னலைப் பார்த்தாள். வாழ்க்கையில் இவ்வளவு சந்தோஷமாக அவள் இருந்ததில்லை. ஓடட்டும். நன்றாக ஓடட்டும்.

பச்சைச் சட்டை பஸ்ஸோடு கூடவே ஓடி வந்தது.

பஸ் முனை திரும்பியது. அவளும் திரும்பினாள்.

பஸ் வேகம் எடுத்தது. மரங்கள் பின்னால் ஓடின. கடைகள் பின்னால் ஓடின.

அவள் மட்டும் பின்னால் போகவில்லை.

டொக்... டொக்...

குடைக் காம்பு கண்ணாடியைத் தட்டியது.

பீ கிம்மின் முகத்துக்கு நேரே அந்த முகம். ஒரே மட்டத்தில்.

பஸ் ஜன்னல் தரையிலிருந்து எவ்வளவு உயரம்...

அப்போதுதான் அது அவளுக்கு உறைத்தது.

அந்த முகம் ஓடுகிறவள் முகமாக இல்லை. மூச்சு வாங்கவில்லை. தலைமுடி பறக்கவில்லை. தண்ணீர் மட்டும் வழிந்தது.

டொக்... டொக்... டொக்...

கத்த வாய் வரவில்லை. கையும் எழவில்லை.

5:31. நெடுஞ்சாலைச் சுங்கச் சாவடி. பஸ் நின்றது.

கண்ணாடிக்கு வெளியே யாரும் இல்லை.

கண்ணாடி நனைந்திருந்தது. அந்த ஒரு கண்ணாடி மட்டும்.

அங்கிருந்து எல்லை வரை ஏறக்குறைய இரண்டு மணி நேரம். கண்ட காட்சியை அவள் மனசு ஒரு பக்கம் தள்ளிவிட்டு, வேறொரு கணக்குப் போட்டது. வெயிலில் சுற்றியதால் தலை கிறுகிறுத்திருக்கும். ஆனால் ஒருத்தியை விட்டுவிட்டு வந்தது நிஜம். பாஸ்போர்ட் இல்லாமல், அயல் ஊரில், இருட்டும் நேரத்தில்... என்ன இருந்தாலும் ஒரு பொம்பளை.

7:25. எல்லைச் சோதனைக்குக் கில்பர்ட் பாஸ்போர்ட்டுகளைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டு வந்தான். அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"கில்பர்ட், ஒரு தப்புப் பண்ணிட்டேன். ஒரு அம்மாவை விட்டுட்டு வந்துட்டோம். ஓடி வந்தாங்க. நான் பார்த்தேன். பார்த்துட்டுத்தான் எடுக்கச் சொன்னேன்."

அவன் திகைத்தான். கையிலிருந்ததை எண்ணினான். தலைகளை எண்ணினான். "முப்பத்தாறு பாஸ்போர்ட், முப்பத்தாறு பேர். யாரும் குறையலையே ஆன்ட்டி."

பக்கத்திலிருந்து ஹோக்கின் குரல் வந்தது. அவர் குரலாகவே இல்லை.

"எப்படி இருந்தாங்க?"

"உனக்குத் தெரியாதா? பச்சைச் சட்டை. உன் பக்கத்துலதானே நின்னா மரத்தடியில. ஈரத் தலை. குடை. ஒரு கால்ல செருப்பு இல்ல."



துவாஸ் பாலத்தைப் பஸ் தாண்டும்போதுதான் அவர் சொன்னார். விட்டு விட்டு, கையைப் பிசைந்துகொண்டு.

போன நவம்பர், முதல் பயணம். பக்கத்துச் சீட்டில் தற்செயலாக ஒரு பெண்மணி. லியோங் மெய் ஃபூன். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குப் பல் பார்க்கும் நர்ஸ். தனி ஆள். வாங்கிய அன்னாசிப்பழ பிஸ்கட்டில் பாதியை அவருக்குக் கொடுத்தாள். மாலையில் நல்ல மழை. கழிப்பறைக்குப் போய்விட்டு வருகிறேன் என்று பையைச் சீட்டில் வைத்துவிட்டு இறங்கினாள். அவர் கண்ணயர்ந்துவிட்டார். அப்போது வேறொரு வழிகாட்டி. பக்கத்தில் இருப்பவர் வந்தாச்சா என்று அவன் கேட்டான்.

"வந்தாச்சு, வந்தாச்சுன்னு சொல்லிட்டேன் பீ கிம். தூக்கத்துல. கண்ணைக்கூடத் திறக்கல."

மெய் ஃபூன் மழையில் ஓடி வந்திருக்கிறாள். பெரிய சாலையில் பஸ்ஸைத் துரத்தியிருக்கிறாள். செருப்பு ஒன்று கழன்றிருக்கிறது. பின்னால் வந்த லாரிக்காரனுக்கு மழையில் தெரியவில்லை.

"எல்லைக்கு வந்தப்புறம்தான் பார்த்தாங்க, ஒரு பாஸ்போர்ட் மிச்சம். அது மட்டும் ஊர் வந்து சேர்ந்துச்சு."

அதன்பின் மாதா மாதம் இரண்டு சீட் எடுத்தார். அந்த மரத்தடியில் பிஸ்கட் வைத்துவிட்டு, வந்துவிடுங்கள் என்று கூப்பிடுவார். புறப்படும் நேரம் வழிகாட்டியிடம் இரண்டு நிமிஷம் கேட்பார். எந்த மாசமும் யாரும் வந்ததில்லை. இன்றைக்கும் கேட்கத்தான் வாயைத் திறந்தார். பெண்டாட்டிக்கு எல்லாம் தெரிந்துவிட்டது, போதும் விடு என்கிறாள் என்று நினைத்து மூடிக்கொண்டார்.

பீ கிம் அவர் கையைத் தொட்டாள். அவர் இழுத்துக்கொண்டார்.

"ஏழு மாசமா நான் நிக்கிறேன். எனக்கு ஒரு தடவை... ஒரு நிழல்கூடக் காட்டல. உனக்கு நாள் முழுக்கவா?"

அந்தக் குரலில் இருந்தது என்ன என்று அவளுக்கு உடனே தெரிந்தது. ஆறு மாசமாக அவளே நெஞ்சில் வைத்திருந்தது அது.

ஜூலை 12. இருவரும் மறுபடி போனார்கள். மூன்று சீட். பதினாலைக் காலியாக விட்டார்கள். அன்று குன்றிலும் இல்லை, கடையிலும் இல்லை, மரத்தடியிலும் இல்லை. புறப்படும் நேரம் கில்பர்ட் இருபது நிமிஷம் நிறுத்தினான். மற்றவர்கள் முணுமுணுத்தார்கள். யாரும் வரவில்லை.

பஸ் நிறுத்துமிடத்துக் காவலாளி ரம்லான், வயசானவர், வெளியூரிலிருந்து அந்த வருஷம்தான் வேலைக்கு வந்தவர். அவரிடம் பீ கிம் இறங்கிப் போய்க் கேட்டாள். கையில் குடையோடு ஒரு அம்மா இந்தப் பக்கம் வந்தார்களா என்று.

"இன்னிக்கு இல்ல அக்கா. போன மாசம் வந்தாங்க. உங்க பஸ் போன கொஞ்ச நேரத்துல. உடம்பெல்லாம் நனைஞ்சு. பஸ் போயிடுச்சா பஸ் போயிடுச்சான்னு கேட்டாங்க. அடுத்த மாசம் வரும்மான்னு சொன்னேன்."

"வேற எதாவது கேட்டாங்களா?"

ரம்லான் யோசித்தார்.

"ஜன்னலோரமா உக்காந்து, எடுக்கச் சொன்னாங்களே, அந்த அம்மா யாருன்னு கேட்டாங்க. எனக்கு ஆளைத் தெரியாது. ஆனா கடைசியா ஓடி வந்து அந்த ஜன்னல்ல உக்காந்தவங்களைத்தானே கைடு மைக்ல அத்தனை தடவை கூப்பிட்டாரு, அது ஞாபகம் இருந்துச்சு. பேரைச் சொன்னேன். முழுப் பேரும் சொன்னேன்."

பீ கிம் பஸ்ஸைத் திரும்பிப் பார்த்தாள்.

"வீடு எங்கன்னும் கேட்டாங்க அக்கா. அது எனக்குத் தெரியாதும்மான்னேன்" என்றார் ரம்லான். "பரவால்ல, பேரு போதும்னு சொல்லிட்டு, அந்த சிங்கப்பூர் ரோட்டுலயே நடந்து போயிட்டாங்க."